பெட்டி யார் கையில்? தாமிரபரணிக் கரையிலிருந்து ஒரு தயாரிப்பாளர்

2024 ஆகஸ்ட் 23, வெள்ளிக்கிழமை. 'வாழை' வெளியானது. ஸ்ரீவைகுண்டம் பக்கத்து வாழைத் தோட்டங்களில் விடுமுறை நாளெல்லாம் தார் சுமக்கும் ஒரு பள்ளிக்கூடத்துப் பையனின் கதை. எழுதி இயக்கியவர் மாரி செல்வராஜ் என்பதில் யாருக்கும் ஆச்சரியம் இல்லை. 'பரியேறும் பெருமாள்', 'கர்ணன்', 'மாமன்னன்' என்று மூன்று படங்களில் பெயர் வாங்கியவர். கவனிக்க வேண்டிய வரி வேறு. தயாரிப்பு: நவ்வி ஸ்டூடியோஸ். மாரி செல்வராஜும் அவர் மனைவி திவ்யாவும் நடத்தும் நிறுவனம். புளியங்குளத்தில் தார் சுமந்து வளர்ந்த பையன், அந்தத் தாரைப் பற்றிய படத்துக்குத் தானே முதலாளி.

தமிழ் சினிமா வியாபாரத்தில் திருநெல்வேலிக்கும் கன்னியாகுமரிக்கும் சேர்த்து ஒரே பெயர்தான்: டி.கே. ஏரியா. சென்னை நகரம், செங்கல்பட்டு, வட ஆற்காடு, தென் ஆற்காடு, சேலம், கோவை, திருச்சி-தஞ்சை, மதுரை-ராமநாதபுரம், கடைசியில் டி.கே. ஒரு படம் விலைபோகும்போது மாநிலத்தை இப்படிக் கூறு போட்டுத்தான் விற்பார்கள். கோடம்பாக்கத்தின் கண்ணுக்கு நெல்லை எப்போதும் வசூல் வரும் ஊர். 'ஏலே' போட்டுச் சிரிக்க வைக்கும் ஊர். அரிவாளைத் தூக்கினால் கைதட்டல் விழும் ஊர். பாபநாசத்திலும் குற்றாலத்திலும் பாட்டு எடுத்துவிட்டு யூனிட் வண்டி திரும்பிப் போகும் ஊர். படம் தயாரிக்கும் ஊராக அது யார் கண்ணுக்கும் தெரிந்ததில்லை.

முயன்றவர்கள் இல்லாமல் இல்லை. அவர்கள் எங்கே சறுக்கினார்கள், இன்று ஒருவர் எப்படி நிற்கிறார் என்று பார்த்தால் ஒரு விஷயம் விளங்கும். கதை யாருடையது என்று நாம் நிறையப் பேசிவிட்டோம். பிலிம் பெட்டி யாருடையது என்பதைத்தான் பேசவில்லை.

வெளிவராத 'வசந்தவல்லி'

நெல்லைக்காரர்களில் சொந்தமாகப் படக் கம்பெனி தொடங்கிக் கையைச் சுட்டுக்கொண்டவர்களின் வரிசையில் முதலில் நினைவுக்கு வருவது ஓர் எழுத்தாளர்: புதுமைப்பித்தன். 1906-ல் திருப்பாதிரிப்புலியூரில் பிறந்த சொ. விருத்தாசலம் வளர்ந்தது, படித்தது, கதைகளுக்கு ஆள் பிடித்தது எல்லாம் திருநெல்வேலியில். இந்துக் கல்லூரியில் பி.ஏ. முடித்தபின் 'ஊழியன்', 'மணிக்கொடி', 'தினமணி', 'தினசரி' என்று பத்திரிகைகளில் காலம் தள்ளினார். பத்திரிகைச் சம்பளம் காணாதபோது சினிமாவுக்கு எழுதப் போனார். 'அவ்வையார்', 'காமவல்லி' ஆகிய படங்களின் எழுத்து வேலையில் அவர் கையும் உண்டு.

கூலிக்கு எழுதுகிறவராகவே இருந்துவிட அவருக்கு மனம் ஒப்பவில்லை. 1945-ல் பர்வதகுமாரி புரொடக்ஷன்ஸ் என்று ஒரு கம்பெனி தொடங்கினார். எடுக்க நினைத்த படம் 'வசந்தவல்லி'. திரிகூடராசப்பக் கவிராயரின் குற்றாலக் குறவஞ்சிதான் கதை. சொந்தப் பணம் போட்டதும் அவர் மனம் எங்கே போகிறது பாருங்கள்: சொந்தச் சீமை மலை, சொந்தச் சீமை அருவி, சொந்தச் சீமைக் கவிராயர். அடுத்தவர் பணத்தில் எழுதியவரைக்கும் அந்த மலைக்கு இடமில்லை.

படம் வெளிவரவில்லை. கைப்பணம் கரைந்தது. மறுபடியும் அடுத்தவர் படத்துக்கு வசனம். சிறையிலிருந்து வந்த எம்.கே. தியாகராஜ பாகவதர் சொந்தமாகத் தயாரித்த 'ராஜமுக்தி'க்காகப் புனே போனார். அங்கே காசநோய் பிடித்துக்கொண்டது. 1948-ல் திருவனந்தபுரத்தில் இறந்தபோது வயது 42. அதே ஆண்டு வெளிவந்த 'ராஜமுக்தி'யும் பாகவதருக்குக் கைகொடுக்கவில்லை. ஊரே கொண்டாடிய நட்சத்திரத்துக்குச் சொந்தத் தயாரிப்பில் அந்த நிலைமை என்றால், பேனாவை மட்டும் நம்பிய எழுத்தாளரின் நிலைமையைச் சொல்ல வேண்டியதில்லை.

அந்தக் காலத்தில் தயாரிப்பாளர் என்றால் ஸ்டூடியோ வைத்திருப்பவர், அல்லது ஸ்டூடியோவுக்கு வாடகை கட்ட முடிந்தவர். சேலத்தில் மாடர்ன் தியேட்டர்ஸ், சென்னையில் ஜெமினி, கோவையிலும் ஸ்டூடியோக்கள். நெல்லையில் ஒன்றும் இல்லை. போதாக்குறைக்கு இரண்டாம் உலகப்போரின்போது கச்சா பிலிமுக்குத் தட்டுப்பாடு வந்து, படம் 11,000 அடிக்கு மேல் போகக் கூடாது என்று அரசாங்கமே நீளத்தை அளந்து கொடுத்தது. பிலிமும் ஸ்டூடியோவும் சிலர் பிடியில் இருந்த தொழிலில் தனி ஆளுக்கு இடமே இல்லை.

டி.கே. ஏரியாவின் தெற்குக் கோடியில் இன்னும் முந்திய கதை ஒன்று உண்டு. அகஸ்தீஸ்வரத்து ஜே.சி. டேனியல், பேசாப் படக் காலத்தில் சொத்தை விற்றுத் திருவனந்தபுரத்தில் ஸ்டூடியோ வைத்து 'விகதகுமாரன்' எடுத்தார். மலையாள சினிமாவின் தொடக்கமாக இன்று கொண்டாடப்படுவது அந்தப் படம்தான். தாழ்த்தப்பட்ட சாதியில் பிறந்த பி.கே. ரோஸி அதில் நாயர் பெண்ணாக நடித்தார் என்பதற்காகத் தியேட்டரில் கலவரம் செய்தார்கள். ரோஸி ஊரைவிட்டே ஓட வேண்டியதாயிற்று. டேனியல் கடனாளியாகிப் பல் வைத்தியம் பார்த்துப் பிழைத்து, 1975-ல் இறந்தார். கேரள அரசு தன் உயரிய திரைப்பட விருதுக்கு அவர் பெயரை வைத்தது 1992-ல். ரோஸியின் பெயரில் இன்று சென்னையில் திரைப்பட விழா நடத்துகிறது இயக்குநர் பா. இரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையம். அந்த நீலத்திடம்தான் நெல்லையின் கதை பிறகு போய்ச் சேர்கிறது.

எடுக்க முடிந்தது, விற்க முடியவில்லை

புதுமைப்பித்தன் கதையொன்றின் பெயரைத் தாங்கி, நெல்லையில் ஒரு திரைப்பட இயக்கம் நடந்தது: காஞ்சனை. முன்னின்றவர் ஆர்.ஆர். சீனிவாசன். உலகப் படங்களைக் கொண்டுவந்து திரையிட்டு, உட்கார்ந்து பேசி, பார்ப்பதற்கு ஒரு கூட்டத்தைப் பழக்கிய வேலை அது. மலைக்கு அந்தப் பக்கம் இந்த வேலை அப்போதே தயாரிப்பாகவும் மாறியிருந்தது. திருவனந்தபுரத்தின் சித்ரலேகா திரைப்படக் கழகத்துக்காரர்கள் கூட்டுறவு அமைத்து அடூர் கோபாலகிருஷ்ணனின் 'சுயம்வரம்' (1972) எடுத்தார்கள். தமிழில் 'அக்ரஹாரத்தில் கழுதை' தந்த ஜான் ஆபிரகாம், ஒடேஸா என்ற குழுவாகச் சேர்ந்து ஊர் ஊராகப் படம் காட்டி, ஜனங்களிடம் கையேந்தி வாங்கிய காசில் 'அம்ம அறியான்' (1986) எடுத்தார். முதலாளியே இல்லாமல் படம் எடுக்கலாம் என்று ஜான் காட்டினார்.

1999 ஜூலை 23 நெல்லையை உலுக்கிய நாள். மாஞ்சோலைத் தேயிலைத் தோட்டத் தொழிலாளர்கள் கூலி உயர்வு கேட்டும், சிறையில் அடைத்தவர்களை விடக் கோரியும் ஆட்சியர் அலுவலகத்துக்கு ஊர்வலமாக வந்தார்கள். போலீஸ் தடியடி நடத்தியது. ஒரு பக்கம் லத்தி, மறுபக்கம் ஆறு. தாமிரபரணியிலிருந்து எடுத்த பிணங்கள் 17. அதில் ஒன்று கைக்குழந்தை. எந்தத் தயாரிப்பாளரும் தொட முன்வராத அந்தச் சம்பவத்தைச் சீனிவாசன் 'நதியின் மரணம்' என்று ஆவணப்படமாக எடுத்தார்.

புதுமைப்பித்தனுக்குக் கிடைக்காத ஒன்று சீனிவாசனுக்குக் கிடைத்திருந்தது: கையடக்கமான வீடியோ கேமரா. ஸ்டூடியோ வாடகை, கச்சா பிலிம், லேப் செலவு என்று நின்ற மதிலெல்லாம் இடிந்துவிட்டது. ஆனால் அடுத்த மதில் அப்படியே இருந்தது. ஆவணப்படத்துக்குத் தியேட்டர் கிடையாது, டி.வி. வாங்காது. கல்லூரி அரங்கு, சங்கக் கூட்டம், தெரிந்தவர் வீட்டு மாடி என்று சுற்றும் படத்திலிருந்து அடுத்த படத்துக்கான முதல் வருவதில்லை.

அந்த ஜூலை நாளின் வடு பின்னால் ஒரு புத்தகத்தின் அட்டையில் வந்தது. 'தாமிரபரணியில் கொல்லப்படாதவர்கள்'. சிறுகதைத் தொகுப்பு. எழுதியவர் அப்போது இயக்குநர் ராமிடம் உதவியாளராக இருந்த மாரி செல்வராஜ்.

வாழையடி வாழை

சுயேச்சைத் தயாரிப்பு தமிழில் எப்படிக் கைமாறி வந்தது என்று பார்க்க ஒரு சங்கிலியைப் பிடித்துக்கொண்டால் போதும். டிராவல்ஸ் தொழிலிலிருந்து வந்த சி.வி. குமார், 2012-ல் 'அட்டகத்தி' தயாரித்தார். பெரிய ஹீரோ இல்லை, இயக்குநர் பா. இரஞ்சித்துக்கு முதல் படம். முடிந்த படத்தை ஸ்டூடியோ கிரீன் வாங்கி வெளியிட்டது. அதே ஆண்டு 'பீட்சா'வில் கார்த்திக் சுப்பராஜ், அடுத்த ஆண்டு 'சூது கவ்வும்' படத்தில் நலன் குமரசாமி. தெரியாத பெயர்களை நம்பிப் பணம் போட்டால் பணம் திரும்பும் என்று சி.வி. குமார் காட்டினார்.

இரஞ்சித் 'மெட்ராஸ்', 'கபாலி', 'காலா' என்று மேலே போனார். 2018 ஜூனில் 'காலா'. அடுத்த செப்டம்பரில் அவருடைய நீலம் புரொடக்ஷன்ஸின் 'பரியேறும் பெருமாள்'. ரஜினியை வைத்து இரண்டு படம் எடுத்தவர் தன் பெயருக்குக் கிடைத்த மரியாதையை இன்னொருவரின் முதல் படத்துக்கு அடமானம் வைத்தார் என்று சொல்லலாம். தனக்குக் கிடைத்த வாய்ப்பைத் திருப்பித் தந்தார். அந்த முதல் படத்துக்காரர் பிறகு தானே தயாரிப்பாளரானார். வாழைக்குப் பக்கக்கன்று போல ஒன்றிலிருந்து ஒன்று.

'பரியேறும் பெருமாள்' படத்தில் தயாரிப்பாளரின் கை எங்கே தெரிகிறது? அது தலையிடாமல் விட்ட இடங்களில். நெல்லை சட்டக் கல்லூரியில் சேரும் கிராமத்துப் பையன் பரியனின் அப்பா, கூத்தில் பெண் வேடம் கட்டி ஆடுகிறவர். மகனுக்காகக் கல்லூரிக்கு வரும் அவரைப் பையன்கள் சிலர் வேட்டியை உருவி நடுத்தெருவில் ஓட விடுகிறார்கள். அந்த வேடத்துக்குத் தெரிந்த முகமாக ஒரு குணச்சித்திர நடிகரைப் போடச் சொல்வதுதான் வழக்கமான யோசனை. தெரிந்த முகம் இருந்தால் போஸ்டருக்கும் உதவும், டி.வி. விலைக்கும் உதவும். ஆனால் அதில் நடித்தவர் நெல்லை தங்கராஜ். உண்மையிலேயே பெண் வேடம் கட்டி ஊர்த் திருவிழாக்களில் ஆடிப் பிழைத்த கலைஞர். வேட்டி இல்லாமல் அவர் ஓடும்போது அந்தக் கால்கள் நடிகருடைய கால்களாகத் தெரியாது.

முடிவும் அப்படித்தான். காதல் கல்யாணத்தில் முடியவில்லை. வில்லனை ஹீரோ வெட்டவுமில்லை. பெண்ணின் அப்பாவும் பரியனும் பேசிவிட்டுப் போன பிறகு மேஜையில் இரண்டு டீ கிளாஸ், நடுவில் ஒரு பூ. அவ்வளவுதான் கடைசி ஃபிரேம். பைனான்சியரின் வார்த்தையில் இதற்குப் பெயர் 'கிளைமாக்ஸ் இல்லாத படம்'. அந்த முடிவை மாற்றச் சொல்லும் உரிமை உள்ளவர் மாற்றச் சொல்லாமல் இருந்தார். சுயேச்சைத் தயாரிப்பாளரின் கலைப் பங்களிப்பு பெரும்பாலும் இப்படித்தான், சொல்லாமல் விட்டதில் இருக்கிறது.

அதற்குப் பின் நீலம் போன பாதையைப் பார்த்தால் ஒரு பிடிவாதம் தெரியும். 'இரண்டாம் உலகப்போரின் கடைசி குண்டு' (2019), 'ரைட்டர்' (2021), 'சேத்துமான்' (2022), 'பொம்மை நாயகி' (2023), 'புளூ ஸ்டார்', 'ஜெ பேபி' (2024), 'பாட்டல் ராதா' (2025). அதியன் ஆதிரை, ஃபிராங்க்ளின் ஜேக்கப், தமிழ், ஷான், ஜெயக்குமார், சுரேஷ் மாரி, தினகரன் சிவலிங்கம். எல்லோருக்கும் அது முதல் படம். எல்லாப் படமும் ஓடிவிடவில்லை. 'சேத்துமான்' தியேட்டருக்கே வராமல் சோனி லிவ்வில் வந்தது. பல படங்களில் இன்னொரு நிறுவனத்தோடு சேர்ந்துதான் பாரத்தைத் தாங்க முடிந்தது. ஆனாலும் ஒன்று முடிவதற்குள் அடுத்த புது ஆள் உள்ளே வந்துகொண்டிருந்தார்.

"ஹீரோ யாரு?"

படம் எடுக்கப் போகிறேன் என்று யாராவது சொன்னால் விநியோகஸ்தர் கேட்கும் முதல் கேள்வி, 'ஹீரோ யாரு?' கேள்வியில் தப்பில்லை. அவருடைய கணக்கு அப்படி. பெரிய ஹீரோ என்றால் மினிமம் கேரண்டி கொடுக்கலாம்: படம் ஓடினாலும் ஓடாவிட்டாலும் இவ்வளவு என்று ஏரியாவுக்கு முன்கூட்டியே ஒரு தொகை. டி.கே.க்கு இவ்வளவு, மதுரை-ராமநாதபுரத்துக்கு இவ்வளவு என்று ஒன்பது ஏரியாவும் விற்றுவிட்டால் ரிலீசுக்கு முன்பே தயாரிப்பாளர் கரையேறிவிடுவார். ஹீரோவின் பெயர் என்பது பாதி நடிப்பு, மீதி ஜாமீன்.

ஹீரோ இல்லாத படத்துக்கு இந்தக் கதவு சாத்தியிருக்கும். தயாரிப்பாளர் வட்டிக்கு வாங்கிப் படத்தை முடித்துவிட்டு, 'டிஸ்ட்ரிபியூஷன்' முறையில் கொடுப்பார். வசூலில் தியேட்டர் பங்கு போக, விநியோகஸ்தர் கமிஷன் போக, விளம்பரச் செலவு போக, மிஞ்சினால் அவருக்கு. படம் ஒரு மாதம் தள்ளிப்போனால் ஒரு மாத வட்டி. 2018 மார்ச்சில் டிஜிட்டல் திரையிடல் கட்டணத்தை எதிர்த்துத் தயாரிப்பாளர்கள் ஒன்றரை மாதத்துக்கு மேல் புதுப்பட ரிலீஸை நிறுத்தியபோது பெரிய கம்பெனிகள் தாங்கின. கடன் வாங்கிய சின்னத் தயாரிப்பாளருக்கு அந்த ஒன்றரை மாதமும் வட்டி ஏறியது.

பிலிம் பெட்டி போய் கியூப் என்ற டிஜிட்டல் திரையிடல் வந்தபின் பிரிண்ட் செலவு குறைந்தது உண்மை. முன்பு லேப் லெட்டர் வாங்கி வைத்திருந்த பைனான்சியர் கையைக் காட்டினால்தான் லேபிலிருந்து பெட்டி நகரும். இப்போது பெட்டி இல்லை. ஒரு சாவி இருக்கிறது. கே.டி.எம். என்பார்கள். அந்தச் சங்கேத எண் தியேட்டருக்கு வந்தால்தான் சர்வரில் இருக்கும் படம் திறக்கும். கடன் தீரவில்லை என்றால் சாவி வராது. காலைக்காட்சிக்கு வந்த ரசிகர்களிடம் தியேட்டர்காரர் 'கே.டி.எம். வரலை' என்று கையை விரித்த காட்சி எந்த ஊருக்கும் புதிதில்லை. பெட்டி மறைந்தது, பெட்டியின் பூட்டு மறையவில்லை.

ஓ.டி.டி. வந்தபோது ஹீரோ இல்லாத படங்களுக்கு நல்ல காலம் பிறந்தது என்று எல்லோரும் நம்பினார்கள். கொரோனா காலத்தில் அது ஓரளவு உண்மையாகவும் இருந்தது. இப்போது அவர்களும் தியேட்டர் வசூலைப் பார்த்த பிறகே விலை பேசுகிறார்கள். சுற்றி வளைத்து அதே கேள்வி: ஹீரோ யாரு?

இரண்டு வெள்ளிக்கிழமைகள்

'பரியேறும் பெருமாள்' வெளியானது 2018 செப்டம்பர் 28, வெள்ளி. அதற்கு முதல் நாள் வந்தது மணிரத்னத்தின் 'செக்கச் சிவந்த வானம்'. அரவிந்த்சாமி, சிம்பு, விஜய் சேதுபதி, அருண் விஜய் என்று நட்சத்திரக் கூட்டம். நல்ல தியேட்டர், நல்ல காட்சி எல்லாம் அங்கே. அடுத்த வாரமே '96'-ம் 'ராட்சசன்'-ம் வரிசையில் நின்றன. நடுவில் ஒரு வாரம்தான் இடைவெளி. அந்த ஒரு வாரத்தில் பார்த்தவர்கள் பார்க்காதவர்களிடம் சொல்லிச் சொல்லித்தான் படம் நின்றது. வாய்வழிப் பேச்சு பரவுவதற்குள் தூக்கிவிடாமல் இரண்டாவது வாரத்துக்குத் தியேட்டரைப் பிடித்து வைப்பதுதான் தயாரிப்பாளரின் நிஜமான சாமர்த்தியம். படம் எடுப்பது அதற்குப் பக்கத்தில் சுலபம்.

இன்னொரு வெள்ளிக்கிழமை, 2024 ஆகஸ்ட் 23. 'வாழை' வந்த அதே நாளில் பி.எஸ். வினோத்ராஜின் 'கொட்டுக்காளி'யும் வந்தது. முதல் படம் 'கூழாங்கல்'லுக்கு ரோட்டர்டாமில் டைகர் விருது வாங்கியவரின் இரண்டாவது படம். பெர்லின் விழாவில் திரையிடப்பட்டுவிட்டு வந்தது. தயாரிப்பு சிவகார்த்திகேயன். பின்னணி இசை கிடையாது. முடிவை நம்மிடமே விட்டுவிடும் படம். 'வாழை'க்குக் கூட்டம் கூடியது. 'கொட்டுக்காளி'யைப் பார்த்தவர்கள் இரண்டாகப் பிரிந்தார்கள். இப்படிப்பட்ட படத்தைத் தியேட்டரில் போட்டிக்கு விட்டிருக்க வேண்டுமா என்று திரையுலகுக்குள்ளேயே விவாதம் நடந்தது.

இரண்டுமே நல்ல நம்பிக்கையில் எடுத்த படங்கள். ஒரு வித்தியாசம் மட்டும் இருக்கிறது. 'வாழை' தயாரிப்பாளரின் கண்ணோடும் எழுதப்பட்டது. படத்தின் பையன் சிவனைந்தான் ரஜினி ரசிகன், அவன் நண்பன் சேகர் கமல் ரசிகன். வகுப்பு டீச்சரிடம் சிவனைந்தானுக்குக் கொள்ளைப் பிரியம். முதல் பாதியில் சிரித்துக்கொண்டே உட்கார்ந்திருப்பவர்களைத்தான் படம் பின்பாதியில் வதைக்கிறது. பசி பொறுக்காமல் ஒரு பழத்தைப் பறிக்கும் பையனைத் தோட்டக்காரர் அடிக்கும் இடம் அப்படிப்பட்டது. நாளெல்லாம் ஆயிரம் பழத்தைச் சுமப்பவனுக்கு ஒரு பழம் தின்ன உரிமை இல்லை. தாருக்குக் கூலி கூட்டிக் கேட்கும் தகராறையும், தாரோடு ஆட்களையும் ஏற்றிய லாரி கவிழ்வதையும் புரிந்துகொள்ள அந்த ஒரு அடி போதும்.

இதில் நவ்வி தனியாக நிற்கவில்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். ஹாட்ஸ்டார் உடன் இருந்தது. ஃபார்மர்ஸ் மாஸ்டர் பிளான் புரொடக்ஷன் உடன் இருந்தது. தியேட்டருக்குக் கொண்டுபோனது ரெட் ஜெயன்ட். முதல் படம் நீலத்தில்; பிறகு கலைப்புலி தாணுவுக்குத் தனுஷை வைத்து 'கர்ணன்'; ரெட் ஜெயன்ட்டுக்கு 'மாமன்னன்'. பெரிய இடங்களில் வேலை பார்த்துப் பெயரைச் சேர்த்துக்கொண்டு, அந்தப் பெயரைக் காட்டித் தன் சின்னப் படத்துக்கு ஆதரவு தேடினார். ஹீரோ கேட்ட வியாபாரத்துக்கு இயக்குநரின் பெயரையே ஹீரோவாக நீட்டினார். சுயேச்சை என்பதற்கு இந்தத் தொழிலில் அதுதான் அர்த்தம்: யாரை, எவ்வளவு சார்ந்திருப்பது என்று தானே முடிவு செய்வது.

ரெசிஃபியைப் பார்த்து

நெல்லை போன்ற ஓரத்து ஊரிலிருந்தே படம் தயாரிக்க முடியுமா என்றால் பிரேசிலைப் பார்க்கலாம். அங்கே சினிமா என்றால் ரியோ, சாவோ பாவ்லோ என்ற இரண்டு பெருநகரங்கள்தான். வறட்சிக்கும் வட்டாரப் பேச்சுக்கும் பெயர்போன வடகிழக்கில், பெர்னம்புகோ மாநிலத்தின் ரெசிஃபி ஓர் ஓரத்து ஊர். அந்த ஊரில் படவிமர்சகராக இருந்த கிளேபர் மென்டோன்சா ஃபில்யோவும், அவர் மனைவியும் தயாரிப்பாளருமான எமிலி லெஸ்க்லோவும் சினிமாஸ்கோபியோ என்ற சின்ன நிறுவனத்தை நடத்துகிறார்கள். தங்கள் தெருவை வைத்து 2012-ல் முதல் கதைப்படம். 2019-ல் 'பகுராவ்' கான் விழாவில் ஜூரி பரிசு பெற்றது. 2025-ல் 'தி சீக்ரட் ஏஜென்ட்' அதே கானில் சிறந்த இயக்குநர், சிறந்த நடிகர் என்று இரண்டு விருது. ரெசிஃபியை விட்டுப் போகாமலே உலகத்தைக் கூப்பிட்டுக்கொண்டார்கள்.

அதில் திறமை மட்டும் வேலை செய்யவில்லை. பிரேசிலில் அரசின் திரைப்பட நிறுவனமான எம்ப்ராஃபில்மை 1990-ல் ஒரே கையெழுத்தில் மூடியபோது, கதைப்படத் தயாரிப்பே ஏறக்குறைய நின்றுபோனது. பட்டுத் தெளிந்த பிறகு, 2001-ல் திரைப்படத்துக்கென்று தேசிய அமைப்பு வந்தது. பெர்னம்புகோ போன்ற மாநிலங்கள் தங்கள் ஊர்ப் படங்களுக்கென்று தனி நிதி வைத்தன. பிரான்ஸ் போன்ற நாடுகளின் கூட்டுத் தயாரிப்பும் சேர்ந்தது. ஓரத்து ஊரிலிருந்து முளைத்த படத்துக்கு அடியில் உரம் இருந்தது.

அவ்வளவு தூரம் போக வேண்டாம். செங்கோட்டையைத் தாண்டினால் கேரளம். பெண்கள், பட்டியல் சாதி, பழங்குடியினரின் முதல் படங்களுக்கு ஒன்றரைக் கோடி ரூபாய் வரை கொடுத்து, அரசுத் திரைப்பட வளர்ச்சிக் கழகமே அங்கே தயாரிக்கிறது. தமிழ்நாட்டிலும் தரமான சிறு முதலீட்டுப் படங்களுக்கு மானியம் என்று ஒன்று உண்டு. ஆனால் அது படம் முடிந்து, வெளிவந்து, விண்ணப்பித்து, காத்திருந்த பிறகு வருவது. வட்டி ஓடிக்கொண்டிருக்கும்போது கைகொடுக்காத உதவி.

இனி யாருடைய முதல் படம்?

2025 செப்டம்பரில் வெற்றிமாறன் தன் கிராஸ் ரூட் நிறுவனத்தை மூடப்போவதாக அறிவித்தார். 'காக்கா முட்டை'யை எடுத்த கம்பெனி. 'மனுசி'யும் 'பேட் கேர்ள்'-ம் தணிக்கையில் பட்ட பாட்டுக்குப் பிறகு, சின்னத் தயாரிப்பாளராக இருப்பது கட்டுப்படியாகவில்லை என்றார். 'ஆடுகளம்' எடுத்தவருக்கே இது முடியவில்லை என்றால், பேட்டையிலோ பாளையங்கோட்டையிலோ கதையோடு உட்கார்ந்திருப்பவர் என்ன செய்வார்?

மறுமாதம் அக்டோபர் 17-ல் 'பைசன்' வந்தது. ஸ்ரீவைகுண்டம் வட்டாரத்து மணத்தியிலிருந்து கிளம்பி, அர்ஜுனா விருது வரைக்கும் போன கபடி வீரர் மணத்தி கணேசனின் வாழ்க்கையிலிருந்து மாரி செல்வராஜ் எடுத்த படம். துருவ் விக்ரம் நாயகன். தயாரிப்பில் நீலத்தோடு அப்ளாஸ் என்டர்டெயின்மென்ட், பிர்லா குழுமத்து நிறுவனம். தாமிரபரணிக் கரையின் கதைக்குப் பெரும் முதல் வந்திருக்கிறது என்பது சந்தோஷம்தான். ஆனால் அந்த முதல் தேடி வந்தது மாரி செல்வராஜ் என்ற பெயரை. பெயர் இல்லாத அடுத்த பையனுக்கு அது வராது. எடிட்டிங் அறையும், இசைக்கூடமும், பைனான்சியர் ஆபீசும் இன்னும் சென்னையில்தான். நெல்லைக்காரர்கள் நடிக்கிறார்கள், வட்டார வழக்கு சொல்லித் தருகிறார்கள், வீட்டை வாடகைக்கு விடுகிறார்கள். கையெழுத்துப் போடும் மேஜை ஊருக்கு வரவில்லை.

ஒரு சுயேச்சைத் தயாரிப்பாளரை அவருடைய சொந்தக் கதையை வைத்து எடைபோட முடியாது. சொந்தக் கதைக்கு யாரும் உயிரைக் கொடுப்பார்கள், புதுமைப்பித்தன் கொடுத்தார். அடுத்தவர் கதைக்கு, அதுவும் பெயர் தெரியாத அடுத்தவர் கதைக்கு வட்டிக்கு வாங்கிப் போடுவதுதான் பரீட்சை. சி.வி. குமார் அதில் தேறியதால் இரஞ்சித் வந்தார். இரஞ்சித் தேறியதால் மாரி செல்வராஜ் வந்தார். நவ்வி ஸ்டூடியோஸ் என்ற பெயர் 'வாழை'யில் வந்ததற்காக இன்று கைதட்டலாம். ஆனால் பத்து ஆண்டு கழித்து அந்தப் பெயரை எடைபோடும்போது எண்ண வேண்டியது, எத்தனை புது ஆட்களின் முதல் படத்தில் அது தயாரிப்பாளராக நின்றது என்பதைத்தான்.